முப்பது நொடி

ஜனவரியில் கேபிளை வெட்டினேன்.
கடைசி பில் நூற்று நாற்பத்தேழு டாலர்.
அதை ஃபிரிட்ஜ் கதவில் காந்தம் வைத்து ஒட்டியிருக்கிறேன்,
சபலம் வந்தால் பார்த்துக்கொள்ள.

மார்ச் வந்தது.
டெர்ரே ஹோட்டில் பனி கறுத்து
சாக்கடை ஓரம் ஒதுங்கிக் கிடக்க,
ஊருக்கு ஒரே பேச்சு:
முப்பத்தோரு வருடம் கழித்து
நம் சின்னக் கல்லூரி போட்டிக்குள் நுழைந்துவிட்டது.
பதினான்காம் எண் பையன்
எங்கள் டயர் கடைக் கல்லாவில் உட்காரும் ரோவீனாவின் மகன்.
வருகிற லாரிக்காரன் காற்றைப் பற்றிக் கேட்பதில்லை,
பையனின் முழங்கால் எப்படி இருக்கிறது என்கிறான்.

முதலில் ஆன்டெனா வாங்கினேன்.
இருபது டாலர், அட்டை போலத் தட்டை.
கிழக்கு ஜன்னலில் ஒட்டினால் பிரசங்கம்,
மேற்கில் ஒட்டினால் சோள விலை.
நடுவில் தண்ணீர்த் தொட்டி நிற்கிறது
ஊர்ப்பெயரை நெற்றியில் எழுதிக்கொண்டு.
கையில் பிடித்துச் சமையலறையில் ஒற்றைக் காலில் நின்றால்
பந்து தெரிந்தது.
கூடை தெரியவில்லை.

அடுத்து, ஏழு நாள் இலவசம்.
அவசரக்குடுக்கை நான்,
பத்து நாள் முன்னதாகவே சேர்ந்துவிட்டேன்.
ஏழு நாளும் யார் யாரோ கேக் சுட்டார்கள்.
எட்டாம் நாள் கதவைச் சாத்திவிட்டுப் பணம் கேட்டார்கள்.

மதுக்கடையில் ஆறு டிவி இருக்கிறது.
குடியை விட்டு நானூற்றுப் பதினோரு நாள்.

மிச்சமிருந்தது மார்லிஸின் கணக்கு.
விவாகரத்துத் தாளில்
படகு யாருக்கு, நாய் யாருக்கு,
கராஜில் கிடக்கும் ஏணி யாருக்கு
என்றெல்லாம் எழுதினார்கள்.
கடவுச்சொல் யாருக்கு என்று
எந்த வக்கீலுக்கும் தோன்றவில்லை.
நாயின் பெயரைத் தட்டினேன்,
கூடவே அது பிறந்த வருடம்.
திறந்தது.
'பார்ப்பது யார்?' என்றது திரை.
அவளுக்கு ஒரு வட்டம்,
புதிதாக ஒருவனுக்கு ஒரு வட்டம்,
ஓரத்தில் சாம்பல் நிறத்தில்
இன்னும் அழிக்கப்படாமல் நான்.
கொஞ்ச நேரம் பதில் சொல்லவில்லை.
பிறகு என்னை அழுத்தி உள்ளே போனேன்.

மேல்மாடியில் பர்டெட் குடியிருக்கிறான்.
பனி வழித்த இடத்தில் யார் காரை நிறுத்துவது என்பதில்
இரண்டு குளிர்காலமாகப் பேச்சுவார்த்தை இல்லை.
அவன் ஜன்னல் தண்ணீர்த் தொட்டிக்கும் மேலே.
அவனுக்குப் பந்து வானத்திலிருந்து நேராக வருகிறது;
எனக்கு எங்கெங்கோ சுற்றி
முப்பது நொடி தாமதமாக.

ஆகவே அன்றிரவு
எங்கள் பையன் பந்தைத் தட்டிக்கொண்டு வரும்போதே
தலைக்கு மேல் 'ஓ!' என்றொரு சத்தம்.
பிறகுதான் பந்து எழும்பும், பிறகுதான் விழும்.
எதிராளி வீசும் முன்பே ஒரு கெட்ட வார்த்தை.
விடையைப் பார்த்துவிட்டுக் கணக்குப் போடுவது போல
முதல் பாதி முழுக்க.
இருந்தும் கத்தினேன்,
முப்பது நொடி கழித்து,
ஒன்று விடாமல்.

இரண்டாம் பாதியில் மேலே சத்தம் குறைந்தது.
கடைசி ஐந்து நிமிடம் மூச்சே இல்லை.
போச்சு,
எனக்கு இன்னும் வந்து சேராத ஏதோ
அவனுக்கு வந்து சேர்ந்துவிட்டது.

நான்கு நொடி. ஒரு புள்ளி பின்னால்.
பதினான்காம் எண் மூலையிலிருந்து வீசுகிறான்.
பந்து கையை விட்டதும்
திரையில் அந்தப் பாழாய்ப்போன வட்டம்
சுற்றத் தொடங்கியது.
காதை மேலே கொடுத்தேன்.
ஒரு நாற்காலி கூட நகரவில்லை.
ரிமோட்டைச் சோபாவில் எறிந்தேன்.
காலையில் ரோவீனாவின் முகத்தைப் பார்த்து
என்ன சொல்வது?

வட்டம் நின்றது.
பந்து வளையத்தில் இரண்டு முறை தட்டி,
யோசித்து,
உள்ளே இறங்கியது.

நான் கத்தினேன்.
கத்தி முடிப்பதற்குள்
மேலே குதிக்கிறான் பர்டெட்,
நூற்றிருபது கிலோ, இரண்டு காலாலும்,
அத்தனை நேரம் பல்லைக் கடித்துப்
பிடித்து வைத்திருந்ததை எல்லாம் சேர்த்து.
சீலிங்கிலிருந்து சுண்ணாம்பு உதிர்ந்து
என் காபியில் விழுந்தது.

அதோடு சேர்த்தே குடித்தேன்.